ஞாயிற்றுக்கிழமையின் எல்லைக்குள்: வடசென்னைக் கத்தோலிக்கரின் ஒருநாள் திருப்பயண வரலாறு

இராயபுரம், காசிமேடு, தண்டையார்பேட்டை, திருவொற்றியூர், எண்ணூர் என வடசென்னைக் கடற்கரையையொட்டி அமைந்துள்ள கத்தோலிக்கப் பங்குகளில், தவக்காலம் பிறந்ததும் ஒருநாள் திருப்பயணத்துக்கான பெயர்ப்பதிவு தொடங்கிவிடும். பங்கு என்பது ஒரு குருவின் பொறுப்பிலுள்ள ஆலயத்தையும் அதைச் சார்ந்த குடும்பங்களையும் குறிக்கும் திருச்சபை நிர்வாக அலகு. தவக்காலம் என்பது உயிர்ப்புப் பெருவிழாவுக்கு முந்தைய நாற்பது நாள் நோன்புக்காலம். விடியலுக்கு முன் ஆலய வாசலிலிருந்து புறப்பட்டு, இரண்டு மூன்று திருத்தலங்களைத் தரிசித்து, இரவு உறங்கும் நேரத்துக்குள் வீடு திரும்பும் இப்பயணத்தைப் பலரும் வேளாங்கண்ணி யாத்திரையின் சுருக்க வடிவமாகவே கருதுகின்றனர். எனினும் இப்பகுதியின் துறைமுகம், ஆலை, மீன்பிடி ஆகிய தொழில்களின் வரலாற்றோடு சேர்த்து நோக்கினால், இவ்வழக்கம் வேறொன்றின் சுருக்கமன்று என்பதும், உழைப்பாளிக்குக் கிடைத்த ஓய்வுநாளின் அளவே பயணத்தின் தூரத்தையும் தலங்களின் தேர்வையும் வகுத்தது என்பதும் புலனாகும்.

சென்னைக்கு இயற்கைத் துறைமுகம் கிடையாது. கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல்கள் கரையிலிருந்து விலகி ஆழ்கடலில் நங்கூரமிட்டு நிற்க, சரக்கையும் மனிதரையும் அலை முறியும் பகுதியைத் தாண்டிக் கரைசேர்த்தவை மசூலாப் படகுகள். மாமரப் பலகைகளைத் தென்னைநார்க் கயிற்றால் தைத்து, தையலின் இடுக்குகளில் நாரையும் வைக்கோலையும் திணித்து உருவாக்கப்பட்ட இப்படகில் இரும்பாணி இல்லாததால், அலை மோதும்போது அது உடையாமல் நெளிந்து கொடுத்தது. படகின் பின்புறம் நின்று நீண்ட துடுப்பால் திசைதிருப்பியவர் தண்டல் எனப்பட்டார். அலைகளை எண்ணிப் பார்த்து எந்த அலையின் முதுகில் ஏறிக் கரைக்குப் போவது என்று முடிவெடுப்பதும், துடுப்பு வலிப்போரின் பாட்டுக்கு வேகம் வகுப்பதும் அவருடைய பொறுப்பு. இத்தொழிலில் ஈடுபட்ட படகோட்டிகளில் பலர் கத்தோலிக்கர். புனித பேதுருவுக்குத் தமிழ்க் கத்தோலிக்கர் வழங்கிய இராயப்பர் என்னும் பெயரில் 1820களில் அவர்கள் எழுப்பிய ஆலயமே இராயபுரத்தின் அடையாளமாக இன்றும் நிற்கிறது.

படகோட்டியின் ஓய்வுநாளைக் கடலே வகுத்தது. வடகிழக்குப் பருவமழையின் புயல்களுக்கு அஞ்சி, அக்டோபர் நடுப்பகுதியிலிருந்து டிசம்பர் நடுப்பகுதிவரை கப்பல்கள் சென்னைத் துறையைத் தவிர்த்ததால், அவ்விரு மாதங்களும் மசூலாப் படகுகளுக்கு வேலை குறைந்த காலமாயின. கத்தோலிக்க நாட்காட்டியில் இக்காலத்தின் இறுதியும் அதையடுத்த நாட்களும் திருவிழாக்கள் நெருங்கி வரும் பருவமாகும்: டிசம்பர் 3 புனித சவேரியார் திருநாள், 8 அமல உற்பவ மாதா திருநாள், 18 பரங்கிமலையின் எதிர்பார்ப்பு மாதா திருநாள், 21 புனித தோமையார் திருநாள். தோமையார் திருநாள் 1969ஆம் ஆண்டு நாட்காட்டிச் சீரமைப்பில்தான் ஜூலை 3ஆம் நாளுக்கு மாற்றப்பட்டது. கையில் வேலை இல்லாத நாட்களும் மயிலாப்பூர், பரங்கிமலைத் தலங்களின் விழா நாட்களும் அடுத்தடுத்து வந்த இந்நிலை, கடற்கரைக் குடும்பங்கள் தெற்கு நோக்கி நடப்பதற்கு ஏற்ற சூழலை அமைத்துத் தந்தது.

தெற்கே அமைந்த இத்தலங்கள் அனைத்தும் தோமையார் மரபோடும் போர்த்துக்கீசியரோடும் தொடர்புடையவை. இயேசுவின் சீடரான தோமையார் மயிலாப்பூரில் மறைபரப்பி, அருகிலிருந்த குன்றில் உயிர்நீத்தார் என்பது தொன்றுதொட்டு வரும் நம்பிக்கை. அவருடைய கல்லறை என மதிக்கப்படும் இடத்தின் மேல் போர்த்துக்கீசியர் 16ஆம் நூற்றாண்டில் எழுப்பிய ஆலயம் பிற்காலத்தில் அகற்றப்பட்டு, இன்றுள்ள சாந்தோம் பேராலயம் 1896இல் அர்ச்சிக்கப்பட்டது. காட்டுக் கோயில் என்று மக்கள் அழைக்கும் லஸ் ஆலயத்தின் கல்வெட்டு 1516ஆம் ஆண்டைக் குறிப்பிடுகிறது. பரங்கிமலையில் 1547இல் ஆலயப் பணிக்காக மண்ணைத் தோண்டியபோது, பஹ்லவி எனப்படும் இடைக்காலப் பாரசீக எழுத்துகள் பொறித்த கற்சிலுவை ஒன்று கிடைத்தது. 1558 டிசம்பர் 18 அன்று திருப்பலி வேளையில் அச்சிலுவையில் இரத்தத் துளிகள் அரும்பியதாகப் பரவிய செய்தி, அந்நாளை மலையின் பெருவிழா ஆக்கியது.

கோட்டைக்கு வெளியே உள்ளூர் மக்கள் வாழ்ந்த கறுப்பர் நகரத்திலிருந்தும் அதற்கு வடக்கிலிருந்தும் பரங்கிமலைக்குச் செல்வோருக்குக் குறுக்கே நின்ற தடை அடையாறு. ஆர்மீனிய வணிகரான கோஜா பெத்ரூஸ் உஸ்கான் 1726இல் சைதாப்பேட்டையில் தம் சொந்தச் செலவில் கட்டிய மர்மலாங் பாலம் அத்தடையை நீக்கியது. மலையுச்சிக்கு ஏறும் படிக்கட்டுகளை அமைத்துக் கொடுத்தவரும் அவரே. பாலத்தால் நகர வணிகம் பெற்ற பயனே வழக்கமாகப் பேசப்பட்டாலும், ஒரே புரவலர் பாலத்தையும் படிக்கட்டுகளையும் சேர்த்துச் செய்துவைத்ததால், அவற்றை ஒரு யாத்திரைப் பாதையின் இரு பகுதிகளாகக் கொள்வதே பொருத்தம். ஆற்றில் வெள்ளம் பெருகும் பருவமழைக் காலத்திலேயே மலையின் திருவிழா வருவதை எண்ணிப் பார்த்தால் இப்பாலத்தின் தேவை விளங்கும்.

பாதை திறந்த பின்னரும் திருச்சபை ஆட்சி எல்லைகள் நகரக் கத்தோலிக்கரைப் பிரித்தே வைத்திருந்தன. கீழை நாடுகளில் ஆயர்களை முன்மொழியவும் ஆலயங்களைப் பராமரிக்கவும் போர்த்துக்கல் மன்னருக்குத் திருத்தந்தையர் அளித்த உரிமை பதுரவாதோ எனப்பட்டது. 1606இல் நிறுவப்பட்ட மயிலாப்பூர் மறைமாவட்டம் இவ்வுரிமையின் கீழ் இயங்கியது. மறைமாவட்டம் என்பது ஓர் ஆயரின் ஆட்சிக்குட்பட்ட பரப்பு. ஆங்கிலேயரின் சென்னையிலோ, 1642இல் வந்த எஃப்ரேம் தெ நெவேர் என்னும் பிரெஞ்சுக் கப்புச்சின் துறவி தொடங்கிய பணித்தளம், 1622இல் உரோமையில் ஏற்படுத்தப்பட்ட மறைபரப்புப் பேராயத்தின் கீழ் செயல்பட்டது. இன்று அந்தோணியார் பக்திக்குப் பெயர்பெற்ற ஆர்மீனியன் தெருப் பேராலயம் அப்பணியின் வழிவந்தது. 1832இல் சென்னைக்கெனத் தனி அப்போஸ்தலிக்க ஆட்சிப்பகுதி உருவாக்கப்பட்டு, 1838இல் மயிலாப்பூரின் பதுரவாதோ அதிகாரத்தைத் திருத்தந்தை விலக்கிக்கொண்டபோது, பல பங்குகளில் குருக்களும் மக்களும் அதனை ஏற்க மறுத்தனர். உரோமையும் போர்த்துக்கல்லும் செய்துகொண்ட 1886ஆம் ஆண்டு உடன்படிக்கைக்குப் பின்னரும் சென்னை உயர்மறைமாவட்டமும் மயிலாப்பூர் மறைமாவட்டமும் ஒரே நகரில் அருகருகே நீடித்தமையால், பக்கத்துப் பக்கத்துப் பங்குகளின் மக்கள் வெவ்வேறு ஆயர்களுக்குக் கட்டுப்பட்டிருந்தனர்.

இந்தப் பிரிவினையின் ஒரு விளைவு வடசென்னையின் பக்தி வரலாற்றுக்கு முக்கியமானது. நாகப்பட்டினத்துக்குத் தெற்கே உள்ள வேளாங்கண்ணி, 1952இல் தஞ்சாவூர் மறைமாவட்டம் தனியாகப் பிரிக்கப்படும்வரை, முந்நூறு கிலோமீட்டருக்கு அப்பாலிருந்த மயிலாப்பூர் ஆயரின் ஆட்சியிலேயே இருந்தது. ஆகவே மயிலாப்பூர் மறைமாவட்டத்துக்கு உட்பட்ட கடலோரக் குடும்பங்களுக்கு வேளாங்கண்ணி தொலைவில் இருந்தபோதிலும் தம் சொந்த ஆயரின் கோயிலாக விளங்கியது. அதே 1952இல் சென்னையும் மயிலாப்பூரும் ஒரே உயர்மறைமாவட்டமாக இணைக்கப்பட, லூயிஸ் மத்தியாஸ் அதன் முதல் பேராயரானார். ஆட்சி எல்லைகள் இவ்வாறு மாற்றியமைக்கப்பட்டதால் நகரத்தின் எல்லாத் தலங்களும் ஒரே நிர்வாகத்தின் கீழ் வந்தன; வேளாங்கண்ணியோ நிர்வாகத்தில் பிரிந்து, பக்தியில் மட்டும் தொடர்ந்தது.

தெற்கு நோக்கிய பயணம் நடைப்பயணமாக இருந்த காலத்திலேயே வடக்கு நோக்கி நீர்வழி ஒன்று உருவானது. பேசில் காக்ரேன் 1806ஆம் ஆண்டளவில் சென்னையிலிருந்து எண்ணூர்வரை வெட்டிய கால்வாய் பின்னர் பழவேற்காடு ஏரிவரை நீட்டிக்கப்பட்டு, 1876–78 பெரும் பஞ்சத்தின்போது நிவாரணப் பணிகளால் மேலும் விரிவடைந்து, அப்போதைய ஆளுநரின் பெயரால் பக்கிங்காம் கால்வாய் எனப்பட்டது. உப்பு, விறகு, சிப்பிச் சுண்ணாம்பு ஆகியவற்றை ஏற்றிய தோணிகள் கரையிலிருந்து கயிற்றால் இழுத்தும், நீளக் கழிகளால் ஊன்றியும் செலுத்தப்பட்டன. இக்கால்வாயின் வழியில் அமைந்த பழவேற்காட்டில் உள்ள மகிமை மாதா ஆலயம் 1515ஆம் ஆண்டு போர்த்துக்கீசியரால் தொடங்கப்பட்டது என்பது திருச்சபை மரபு. சென்னை–மயிலை உயர்மறைமாவட்டத்தின் மிகப் பழமையான ஆலயமாக இது போற்றப்படுகிறது. 1613இல் அவ்வூரில் கெல்திரியாக் கோட்டையைக் கட்டிய டச்சுக்காரர்கள் கத்தோலிக்கர் அல்லர்; சீர்திருத்தச் சபையினர். அவர்களுடைய ஆட்சிக்குப் பின்னும், 1825இல் ஆங்கிலேயர் கைக்கு ஊர் மாறிய பின்னும் மாதா பக்தி அங்கே தொடர்ந்தது. உயிர்ப்புப் பெருவிழாவை அடுத்த வாரங்களில் நிகழும் மகிமை மாதாவின் விழாவுக்கு எண்ணூர், காசிமேட்டு மீனவக் குடும்பங்கள் செல்வதில் பக்தியோடு உறவுமுறையும் கலந்திருக்கிறது. கொள்வினை கொடுப்பினை உள்ள கடற்கரைக் குப்பங்களுக்குத் திருவிழா என்பது உறவினரைக் காணும் நாளுமாகும்.

தென்னிந்தியாவின் முதல் பயணியர் ரயில் 1856 ஜூலை 1 அன்று இராயபுரத்திலிருந்தே ஆற்காட்டை அடுத்த வாலாஜா ரோடு வரை ஓடியது. அந்தப் பாதை மேற்கே போனதால் கத்தோலிக்கத் தலங்களுக்கு நேரடியாகப் பயன்படவில்லை. 1899இல் விஜயவாடா நோக்கிய பாதை இணைந்தபின் பொன்னேரி வழியாகப் பழவேற்காடும், எழும்பூரிலிருந்து சென்ற மீட்டர்கேஜ் வண்டிகளால் நாகப்பட்டினம் வழியாக வேளாங்கண்ணியும் எளிதில் எட்டக்கூடியவையாயின. ஐரோப்பாவிலும் இதே காலத்தில் இத்தகைய மாற்றம் நிகழ்ந்தது. 1858இல் மாதா காட்சி தந்ததாக நம்பப்படும் லூர்து நகருக்கு 1866இல் ரயில் வந்தது. 1873இலிருந்து விண்ணேற்புத் துறவியர் சபை நாடு தழுவிய ரயில் யாத்திரைகளைத் திட்டமிட்டு நடத்தியது. வழித்தடம், செபங்கள், உணவு, தங்குமிடம் ஆகிய அனைத்தையும் முன்கூட்டியே வகுத்து ஒருவர் கூட்டத்தை வழிநடத்தும் முறை இத்தகைய யாத்திரைகளால் கத்தோலிக்க உலகில் பரவலாயிற்று. ரயில்வே பணிமனையால் வளர்ந்த பெரம்பூரில் லூர்து அன்னைக்கு ஆலயம் எழுந்து திருத்தலமானதும் இதே அலையின் பகுதியே.

1881 நவம்பரில் வீசிய புயல், கட்டி முடியும் தறுவாயில் இருந்த செயற்கைத் துறைமுகத்தைச் சிதைத்தது. மீண்டும் கட்டப்பட்டு 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கின் மேற்பார்வையில் அது செம்மையுற்றதும், கப்பல்கள் நேராகச் சுவரையொட்டி நின்றன. மசூலாப் படகு தொழிலிழந்தது. அதை ஓட்டியவர்களின் பிள்ளைகள் துறைமுகக் கூலிகளாகவும் மீன்பிடிப்போராகவும், விடுதலைக்குப் பின் ஆலைத் தொழிலாளராகவும் மாறினர். 1948இல் தொடங்கி, எண்ணூரில் ஆலை அமைத்து, பின்னர் அசோக் லேலண்ட் ஆன அசோக் மோட்டார்ஸ், திருவொற்றியூரில் 1955இல் வந்த என்ஃபீல்டு, அதே ஊரின் எம்.ஆர்.எஃப்., 1960களின் மணலி சுத்திகரிப்பு ஆலை, 1970இன் எண்ணூர் அனல்மின் நிலையம் எனத் தொழிற்சாலைகள் வரிசையாக எழுந்தபோது, தென்மாவட்டங்களிலிருந்து வந்து குடியேறிய கத்தோலிக்கத் தொழிலாளரும் அங்கே சேர்ந்தனர். அவர்கள் எல்லாருடைய ஓய்வையும் இப்போது கடலோ பருவமோ வகுக்கவில்லை. 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டத்தின் 52ஆம் பிரிவே வகுத்தது. வாரத்தின் முதல் நாளான ஞாயிறன்று வயதுவந்த தொழிலாளியை வேலைக்கு அழைக்கலாகாது, அழைத்தால் மாற்று விடுமுறை தரவேண்டும் என்பது அப்பிரிவின் சாரமாக இருந்தது.

பருவமழைக் காலத்து இரண்டு மாத ஓய்வு வாரத்துக்கு ஒரு நாளாகத் துண்டாடப்பட்டதே ஒருநாள் திருப்பயணத்தின் உண்மையான தோற்றுவாய். திங்கட்கிழமை காலை ஆறு மணி முதல் ஷிப்டுக்குச் சங்கு ஊதும்போது ஆலை வாசலில் நிற்கவேண்டியவருக்கு, வேளாங்கண்ணி ஆண்டுக்கு ஒருமுறை விடுப்பெடுத்துப் போகவேண்டிய இடமாயிற்று. ஞாயிறு விடியலில் புறப்பட்டு அன்றிரவே திரும்பக்கூடிய தலங்கள் புதிய முக்கியத்துவம் பெற்றன. மே தினத்தை 1955இல் தொழிலாளரான சூசையப்பரின் திருநாளாகத் திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர் அறிவித்ததும், சுதந்திர தினமான ஆகஸ்ட் 15 மாதாவின் விண்ணேற்புப் பெருவிழாவாகவும் அமைந்ததும், தொடர் உற்பத்தி நடக்கும் ஆலைகளில் சுழற்சி முறையில் வார ஓய்வு கிடைத்த தொழிலாளருக்கு அரசு விடுமுறையையும் திருநாளையும் ஒன்றாக்கித் தந்தன.

புதிய தலங்கள் இத்தேவைக்கு ஏற்ற தொலைவில் எழுந்தன. வேளாங்கண்ணிக்குப் போக இயலாதோருக்குப் பெசன்ட் நகரில் 1970களின் தொடக்கத்தில் உருவான ஆலயம், ஆகஸ்ட் 29 முதல் செப்டம்பர் 8 வரை தாய்த்தலத்தின் அதே விழா நாட்களைக் கடைப்பிடிக்கிறது. திருச்சி நெடுஞ்சாலையில் சென்னைக்குத் தெற்கே ஏறத்தாழ 95 கிலோமீட்டரில் உள்ள அச்சிறுபாக்கத்தின் மழைமலை மாதா தலம், வறட்சிக் காலத்தில் மழை வேண்டிய மன்றாட்டிலிருந்து 1960களில் பிறந்தது. மலைப்பாதையில் சிலுவைப் பாதையின் பதினான்கு நிலைகளைச் செபித்தபடி ஏறமுடிவதால், அது தவக்காலப் பயணத்தின் முதன்மைத் தலமாயிற்று. சிலுவைப் பாதை என்பது இயேசு பாடுபட்ட நிகழ்ச்சிகளைப் பதினான்கு நிறுத்தங்களில் நினைவுகூரும் பக்திமுயற்சி. எருசலேம் போக முடியாதவர் தம் ஊரிலேயே அவ்வழியை நடப்பதற்கெனப் பிரான்சிஸ்கன் சபையார் பரப்பிய இம்முறையும், அடிப்படையில், தொலைதூர யாத்திரையைக் கிட்டத்துக்குக் கொணரும் ஏற்பாடுதான். சென்னை வணிகர் ஜான் டி மான்டி 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டிய கோவளம் கார்மேல் மாதா ஆலயத்தையோ, பரங்கிமலையையோ திரும்பும் வழியில் சேர்த்துக்கொள்வது வழக்கம்.

வாகனத்தைப் பற்றிய சட்டமும் இப்பயணத்தின் வடிவத்தில் பங்கேற்றது. முன்பே அரசுவசமாகியிருந்த நகரின் வழித்தடப் பேருந்துகள் 1972இல் பல்லவன் போக்குவரத்துக் கழகத்தின் கீழ் வந்துவிட்டதால், தனியார் வண்டிகளுக்கு எஞ்சியது ஒப்பந்த ஊர்தி உரிமமே. ஒரு குழு மொத்த வண்டியையும் ஒரே தொகைக்கு வாடகைக்கு எடுக்கவேண்டும், வழியில் வேறு பயணியரை ஏற்றி இறக்கலாகாது என்பது அவ்வுரிமத்தின் நிபந்தனை. இதனால் இருக்கைகள் நிரம்பாவிட்டால் வாடகையின் சுமை வந்தவர்மேலேயே விழும்; எனவே பெயர்ப்பட்டியலும் முன்பணமும் பொறுப்பாளர் ஒருவரும் இன்றியமையாதவை ஆயின. மரியாயின் சேனை, வின்சென்ட் தே பவுல் சபை ஆகிய பங்கு அமைப்புகளும், அன்பியம் எனப்படும் அக்கம்பக்கக் குடும்பங்களின் கிறிஸ்தவக் குழுவும் இப்பொறுப்பை ஏற்றதால், வணிக நிறுவனம் இல்லாமலேயே ஏற்பாட்டுப் பயணம் இங்கு வேரூன்றியது.

பழைய காலத்தில் குருவுக்கு உதவியாக மறைக்கல்வி கற்பித்துச் செபங்களை நடத்திய உபதேசியார் வகித்த இடத்தை இன்று இப்பொறுப்பாளர் வகிக்கிறார். நாற்பது பக்க நோட்டில் வலப்பக்கம் பெயரும் இடப்பக்கம் பெற்ற பணமும் எழுதி, சிறுவருக்கு அரைக் கட்டணம் என்றும், மடியில் அமரும் குழந்தைக்கு இல்லை என்றும் கணக்கிட்டு, பகல் திருப்பலிக்குத் தலத்து அலுவலகத்தில் முன்கூட்டியே நேரம் பெற்று, புளிசாதப் பொட்டலங்களுக்குச் சொல்லிவைத்து, வண்டியின் முகப்பில் மாதா படமும் பங்கின் பெயரும் பொறித்த பதாகையைக் கட்டுவதுவரை எல்லாம் அவர் வேலை. குரு தீர்த்தம் தெளித்து மந்திரித்த வண்டியின் சக்கரத்தடியில் எலுமிச்சம்பழமும் வைக்கப்படுவதுண்டு. வண்டி மணலிச் சாலையின் கன்டெய்னர் லாரிகளுக்கிடையே ஊர்ந்து நெடுஞ்சாலையை எட்டுவதற்குள் ஐம்பத்து மூன்று அருள்நிறை மரியே செபங்கள் கொண்ட செபமாலை ஒலிபெருக்கியில் ஒருமுறை முடிந்திருக்கும். 1960களின் வத்திக்கான் சங்கத்துக்குப் பின் திருப்பலி இலத்தீனிலிருந்து தமிழுக்கு மாறியதால், வெளியூர்த் தலத்திலும் பயணக்குழுவே வாசகம் படித்துப் பாடல் பாடி வழிபாட்டை நடத்த முடிகிறது. பார்வையாளராகப் போன இடத்தில் பங்கேற்பாளராக நிற்கும் இவ்வாய்ப்பு, குழுவாகப் போவதற்கான இன்னொரு காரணம்.

வண்டியில் ஏறுவோர் அனைவரும் கத்தோலிக்கர் அல்லர். குழந்தை வரத்துக்குத் தொட்டில் கட்டவும், நோய் நீங்க உப்பும் மிளகும் காணிக்கையிடவும், மொட்டையடிக்கவும் பொருத்தனை செய்துகொண்ட இந்து அண்டைவீட்டார் ஓரிரு இருக்கைகளிலேனும் இருப்பது வடசென்னையின் இயல்பு. திருவொற்றியூர்த் தியாகராசர் கோயில் விழாவுக்கும் மாதா தேருக்கும் ஒரே தெருவில் பந்தல் போட்டுப் பழகிய மக்களுக்கு இது விதிவிலக்காகத் தோன்றுவதில்லை.

அண்மைக்காலத்தில் ஓய்வின் அளவுகோல் மேலும் மாறியிருக்கிறது. மீன்வளம் பெருகுவதற்காகக் கிழக்குக் கடற்கரையில் விசைப்படகுகளுக்கு விதிக்கப்படும் ஆண்டுத் தடை 2017 முதல் ஏப்ரல் 15இலிருந்து ஜூன் 14வரை 61 நாட்களாக நீடிப்பதால், காசிமேட்டு விசைப்படகுத் தொழிலாளருக்கு, முன்னோர் பருவமழையில் பெற்ற ஓய்வு இப்போது கோடையில் கிடைக்கிறது. பழவேற்காட்டு விழா பெரும்பாலும் இக்காலத்தில் வருவதும் குறிப்பிடத்தக்கது. தடைக்கால நிவாரணத்தில் வாழும் நாட்களில் நெடும்பயணத்துக்குப் பணம் போதாததால், நேரம் இருந்தும் ஒருநாள் பயணமே தொடர்கிறது. நாகப்பட்டினம்–வேளாங்கண்ணி ரயில்பாதை 2010இல் திறந்தது தொலைவைக் குறைத்தது. காவியுடுத்து முந்நூறு கிலோமீட்டருக்கும் மேல் நடக்கும் ஆகஸ்ட் மாதப் பாதயாத்திரை இளைஞரிடையே வளர்ந்தது. எருசலேம் செல்லும் கிறிஸ்தவருக்கு 2011–12 முதல் தமிழக அரசு நிதியுதவியும் வழங்குகிறது. இவை எவையும் ஆலய வாசலிலிருந்து புறப்படும் வண்டியைக் குறைக்கவில்லை.

யாத்திரையின் வரலாறு வழக்கமாகத் தலங்களின் வரலாறாகவே எழுதப்படுகிறது: எப்போது கட்டப்பட்டது, என்ன புதுமை நிகழ்ந்தது, எந்தத் திருத்தந்தை என்ன பட்டம் வழங்கினார் என்பவை அதன் செய்திகள். வடசென்னையின் வழக்கம், போகின்றவரின் பக்கமிருந்தும் அவ்வரலாற்றை எழுதவேண்டிய தேவையை உணர்த்துகிறது. மசூலாப் படகோட்டிக்குப் பருவமழையும், ஆலைத் தொழிலாளிக்குச் சட்டம் தந்த ஞாயிறும், விசைப்படகு மீனவருக்கு அரசின் தடையாணையும் எவ்வளவு நேரத்தை விட்டுவைத்தனவோ, அவ்வளவு தூரத்துக்குள்தான் அவரவர் தலங்கள் அமைந்தன. இதற்கான சான்றுகள் பேராலயங்களின் கல்வெட்டுகளில் கிடைப்பவை அல்ல. வாடகைச் சீட்டுகளிலும், ஷிப்டு அட்டவணைகளிலும், பங்கு அலுவலக அலமாரிகளில் கிடக்கும் பொறுப்பாளர்களின் கணக்கு நோட்டுகளிலும் அவை உள்ளன. அவற்றைத் தொகுத்து வைப்பதே இத்துறையில் அடுத்துச் செய்யவேண்டிய பணி.